கருங்கல் கொட்டகையில் பிழைத்த தாய்

பகவதியப்பன் மூக்குக் கண்ணாடியைக் கழற்றுகிறார். நாகர்கோவில் போகும் காலை பஸ்ஸில், ஜன்னலோரத்து இருக்கையில், தூசி படிந்த கண்ணாடியை வேட்டி நுனியில் துடைக்கத்தான் கழற்றுகிறார். பக்கத்தில் இருமிக்கொண்டிருந்த பெரியவர் சட்டென்று இருமலை நிறுத்திவிட்டார். முன் இருக்கையில் கைக்குழந்தையோடு இருந்த பெண் முந்தானையை இழுத்துக் குழந்தையின் முகத்தை மூடினாள். கண்டக்டர் ஒருவர்தான் தைரியசாலி. "டாக்டரே, அத எடுத்து மாட்டும். வண்டிக்கே இன்னைக்கு சொகமில்ல," என்றார்.

பகவதியப்பன் மாட்டிக்கொண்டார். பெரியவருக்கு இருமல் திரும்பி வந்தது.

மயிலாடியில் எங்கள் தெருவில், என் வீட்டுக்கு மூன்றாவது வீடு இவருடையது. ஆயுளில் ஒருவருக்கும் ஒரு மாத்திரை கொடுத்தவரில்லை. ஆனாலும் ஆரல்வாய்மொழியிலிருந்து களியக்காவிளை வரைக்கும் இவருக்கு டாக்டர் என்றுதான் பெயர். தமிழ்ப் படத்தில் யாராவது படுக்கையில் கிடந்து, தலைமாட்டில் நாலு பேர் கையைப் பிசைந்து நின்று, வாசலில் கார் வந்து நிற்கும் சத்தம் கேட்டால், தோல்பையோடு உள்ளே நுழைகிறவர் இவர். நாடி பிடிப்பார். கூரையைப் பார்ப்பார். கண்ணாடியைக் கழற்றுவார். தலையை இடமும் வலமுமாக ஆட்டுவார். உடனே பிடில் அழும், கதாநாயகன் கட்டில் மேல் விழுவான். ஜமீன்தார்கள், மில் முதலாளிகள், கதாநாயகியின் தகப்பனார்கள், உயிலை மாற்றி எழுத நினைத்த சித்தப்பாக்கள், அத்தனை பேரும் இவர் கையில்தான் போய்ச் சேர்ந்தார்கள். நான் பார்த்தவரை ஒரு ஆள்கூடத் தப்பவில்லை.

முகம் அதற்கென்றே அமைந்தது. பரந்த நெற்றி, பள்ளமான கன்னம், பிறந்ததிலிருந்தே துக்கம் கேட்க வந்தவர் போலக் கீழே வளைந்த உதடு. ஆனால் மனிதர் சரியான சிரிப்பாணிக்காரர். எதைச் சொன்னாலும் சிரிப்பார், சொல்லாவிட்டாலும் சிரிப்பார். அந்தச் சிரிப்பு இருக்கிறதே, கிணற்று ராட்டினத்துக்கு எண்ணெய் போடாமல் விட்டால் ஒரு கீச்சு வருமே, அதுதான். தெருமுனையில் கீச்சு கேட்டால் பகவதியப்பன் மதராஸிலிருந்து வந்துவிட்டார் என்று அர்த்தம். எங்கள் தாலுகா இன்னும் மதராஸ் ராஜ்யத்தோடு சேரவில்லை. வருகிற ஐப்பசியில் சேர்ந்துவிடும் என்கிறார்கள். பகவதியப்பன் நாற்பத்தேழாம் வருஷமே தனியாகப் போய்ச் சேர்ந்துவிட்டார்.

அதற்கு முன் நாடகக் கம்பெனியில் இருந்தார். மந்திரி, முனிவர், இரண்டாவது சேவகன். கம்பெனி கலைந்ததும் தோளில் ஒரு மட்டி வாழைக்குலையைத் தூக்கிக்கொண்டு மதராஸ் ரயில் ஏறினார். ஸ்டூடியோ வாசலில் கூட்டத்தோடு கூட்டமாக நின்றிருந்த ஒரு நாள், டாக்டர் வேஷக்காரர் வராமல் போக, உதவி டைரக்டர் வெளியே வந்து கேட்டாராம்: "யார்கிட்டயாவது சொந்தக் கண்ணாடி இருக்கா?" இவர் மூக்கில் இருந்தது. கோட்டு ஸ்டூடியோ கொடுத்தது. எங்கள் ஊர்ப் பையன்கள் வருஷக்கணக்காகப் படித்தும் எட்டாத பட்டம், இவருக்கு ஒரு கண்ணாடியில் கிடைத்தது.

முதல் படத்தில் வசனமும் கொடுத்தார்கள். 'கவலைப்படாதீர்கள், என்னால் ஆனதைச் செய்கிறேன்' என்று ஒரே ஒரு வரி. பகவதியப்பன் அதை எங்கள் ஊர் ராகத்தில் நீட்டிச் சொன்னார். சாகக் கிடந்த ஜமீன்தார் போர்வைக்குள் குலுங்கிச் சிரித்தார். ஒலிப்பதிவுக்காரர் காதில் மாட்டியிருந்ததைக் கழற்றி வைத்துவிட்டு, "இது வசனமா, தாலாட்டா?" என்று கேட்டார். பேச்சு வேண்டாம், தலையை மட்டும் ஆட்டினால் போதும் என்று அன்றைக்கு முடிவாயிற்று. "தலைக்கு ஊரு கிடையாதுல்லா ஓய். அதக்கொண்டு பிழைச்சேன்," என்பார் பகவதியப்பன்.

தொழிலில் பக்தி உண்டு. ஊருக்கு வந்தாலும் பயிற்சியை விடமாட்டார். இவர் மனைவி தாணம்மாளின் தம்பி கிருஷ்ணமணி சிற்பி. பக்கத்து மனையிலேயே சிலை செதுக்கும் கொத்துக்கூடம். காலையில் காப்பி குடித்ததும் பகவதியப்பன் அங்கே போய், பாதி செதுக்கிக் கிடக்கும் துவாரபாலகர்களுக்கு வரிசையாக நாடி பார்ப்பார். கூரையைப் பார்ப்பார், கண்ணாடியைக் கழற்றுவார், தலையை ஆட்டுவார். கிருஷ்ணமணி உளியைக் கீழே வைத்துவிட்டுச் சொல்வார்: "அத்தான், துவாரபாலகரு கைய எத்தன மட்டம் வேணும்னாலும் பிடியும். இந்த அம்மன் கைய மட்டும் தொடாதேயும். அடுத்த மாசம் கும்பாபிஷேகமாக்கும்."

சங்கடம் என்னவென்றால், யாருக்காவது சீக்கு என்று காதில் விழுந்தால் பகவதியப்பனால் வீட்டில் இருக்க முடியாது. நாலு ஆரஞ்சுப் பழத்தோடு பார்க்கக் கிளம்பிவிடுவார். நாடகக் காலத்துப் பழக்கம், நல்ல பழக்கமும்கூட. ஆனால் படங்கள் ஓட ஓட, இவர் தலை தெருவில் தெரிந்ததும் சீக்காளி வீட்டுக் கதவுகள் அடைபட ஆரம்பித்தன. தெற்குத் தெருவில் ஒரு கிழவர், மருமகள் வீட்டுக்கு வந்த நாளிலிருந்து படுக்கையை விட்டு எழுந்ததில்லை. கஞ்சி வாய்க்கு வரவேண்டும், வெந்நீர் காலுக்கு வரவேண்டும். பகவதியப்பன் ஆரஞ்சுப் பழத்தோடு வாசலில் நின்றதைப் பார்த்த கிழவர் புறவாசல் வழியாக ஓடி, வாழைத்தோப்புச் சுவரேறிக் குதித்துவிட்டார். அதன் பிறகு படுக்கவே இல்லை. இப்போது தோப்புக்குத் தண்ணீர் பாய்ச்சுகிறார். அந்த மருமகள் பொங்கலுக்குப் பொங்கல் பகவதியப்பன் வீட்டுக்கு ஒரு போணி பாயசம் அனுப்பி வைக்கிறாள்.

மண்டைக்காட்டு அம்மன் கோயில் கொடைத் திருவிழாவில் நடந்தது அதைவிட மேல். வெயிலில் ஒரு பெண் மயங்கி விழுந்துவிட்டாள். தண்ணீர் தெளித்தார்கள், விசிறினார்கள், அசைவில்லை. யாரோ, "டாக்டரு நிக்காருல்லா," என்று இவரைப் பிடித்துத் தள்ளிவிட, குனிந்து கையைப் பிடித்தார். அந்தப் பெண் ஒரு கண்ணைத் திறந்தாள். மேலே தெரிந்த முகத்தைப் பார்த்தாள். எழுந்து கடற்கரைப் பக்கம் ஓடினாள் பாருங்கள், சொந்தக்காரர்கள் பின்னால் ஓடிப் பிடிக்க வேண்டியிருந்தது. "அன்னைக்கு மண்டைக்காட்டு அம்மைக்கு அடுத்தபடி சீக்கு தீத்தது நானாக்கும்," என்று சொல்லிக் கீச்சுக் கீச்சென்று சிரிப்பார்.

இதையெல்லாம் சிரித்தே தாண்டிக்கொண்டிருந்தவருக்கு, போன வருஷம் ஆவணியில் சிரிப்பு நின்றது.

ஓமனா இவருக்கு ஒரே மகள். கருங்கல்லில் வாழைக்குலை வியாபாரம் செய்யும் குடும்பத்தில் கட்டிக்கொடுத்திருக்கிறார். மாமியார் முத்துக்கனி. இந்த அம்மாளைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவேண்டும். சிலர் சினிமா பார்ப்பார்கள். முத்துக்கனி சினிமாவுக்குள் போய்க் குடியிருப்பாள். கருங்கல் கொட்டகையில் பெண்கள் பக்கத்து மணலில் முதல் வரிசையில் உட்கார்ந்து, வில்லனை ஏசி, கதாநாயகிக்குப் புத்தி சொல்லி, விளக்கு போட்டதும் மூக்கைச் சிந்திக்கொண்டு வருவாள். பகவதியப்பன் திரையில் தோல்பையோடு நுழைந்தால் அவள் குரல் ஆண்கள் பக்கம் வரைக்கும் கேட்கும்: "வந்துட்டாருட்டி, எனக்க சம்மந்தக்காரரு. இனி ஆளு மிஞ்சாது." கல்யாணத்தின்போது அவளுக்கு அது பெருமையாகத்தான் இருந்தது. ஓமனா முழுகாமல் இருக்கிறாள் என்று தெரிந்ததும்தான் பெருமை திரும்பிக்கொண்டது.

அச்சு முறுக்கு ஒரு சம்புடம் நிறைய எடுத்துக்கொண்டு மயிலாடிக்கு வந்தாள். முறுக்கைத் தாணம்மாளிடம் கொடுத்துவிட்டு விஷயத்தைச் சொன்னாள்.

"மைனி, தலைப்பிரசவம் உங்க வீட்டுலதான். அது முறை, அத நான் மாத்த மாட்டேன். ஆனா இந்த மனுஷன் அந்நேரம் வீட்டுல நிக்கப்பிடாது. இருபத்தெட்டு கெட்டு கழியது வரைக்கும் பிள்ளைக்க பக்கத்துல வரப்பிடாது."

இருபத்தெட்டாம் நாள் பிள்ளைக்கு அரைஞாண் கட்டும் சடங்கைத்தான் சொன்னாள். தாணம்மாள் சம்புடத்தோடு பகவதியப்பனைத் திரும்பிப் பார்த்தாள். பகவதியப்பன் கீச்சென்று ஆரம்பித்து, முத்துக்கனியின் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார்.

"சம்மந்தி, அது சினிமால்லா?"

"எனக்குத் தெரியாதா அண்ணாச்சி, சினிமான்னு? நான் அறிவு கெட்டவளா? ஆனா உம்ம கையில ஒருத்தராவது பிழைச்சிருக்கா? ஒரே ஒரு ஆளு. காட்டும், நான் வழி விடுகேன்."

காட்ட ஆள் இல்லை. பகவதியப்பன் ஜமீன்தார் முதல் சித்தப்பா வரை மனசுக்குள் தேடிப் பார்த்தார். முத்துக்கனி வெற்றிலையை வாங்கிப் போட்டுக்கொண்டு பஸ் ஏறிப் போய்விட்டாள்.

சாயங்காலம் என் வீட்டுக்கு வந்து உட்கார்ந்தார். "ஓமனா பிறந்தப்ப நான் கம்பெனியோட பாலக்காட்டுல கிடந்தேன் ஓய். வந்து பாத்தப்ப அவ தவழ்ந்துக்கிட்டிருந்தா. என்னயப் பாத்து, யாரோ அந்நியன் வந்துட்டான்னு கெடந்து அழுதா. அன்னைக்கே நெனச்சேன், இவளுக்க பிள்ளைய முதல் நாளே பாத்திரணும்னு. அது கண்ணு திறக்கும்போது நான் அங்க நிக்கணும்." எனக்கு முத்துக்கனியின் மேல் கோபமாக வந்தது. "ஒரு ஆளு பிழைச்சாப் போதுமே," என்று அவராகவே சொல்லிக்கொண்டு எழுந்து போனார்.

புரட்டாசியில் மதராஸிலிருந்து அழைப்பு வந்தது. வழக்கத்தைவிடப் பெரிய மட்டிக் குலையோடு போனார். நோயாளி கதாநாயகனின் தாயார். பகவதியப்பன் குலையை டைரக்டரின் காலடியில் இறக்கி வைத்துவிட்டு, "ஐயா, இந்த ஒரு அம்மையை மட்டும் விட்டுருங்க," என்று கேட்டார். டைரக்டர் பொறுமையாகத்தான் விளக்கியிருக்கிறார். அம்மா செத்தால்தான் மகன் பட்டணம் போவான், பட்டணம் போனால்தான் கதாநாயகியைச் சந்திப்பான், அம்மா பிழைத்தால் படமே இல்லை.

"எங்க ஊருல எல்லாவனும் அம்மை உசிரோட இருக்கும்போதே பட்டணம் போறானே ஐயா," என்றார் பகவதியப்பன்.

டைரக்டர் விளக்கைப் போடச் சொன்னார்.

பகவதியப்பன் உள்ளே நுழைந்தார். நாடி பிடித்தார். கூரையைப் பார்த்தார். கை கண்ணாடிக்குப் போயிற்று, போன கை பாதியில் இறங்கிற்று. தலையை மேலும் கீழுமாக ஆட்டி, பல் அத்தனையும் தெரியச் சிரித்து, கதாநாயகனின் முதுகில் இரண்டு தட்டும் தட்டிவிட்டார். கிளிசரின் போட்டு அழத் தயாராக இருந்த கதாநாயகன், என்ன செய்வதென்று தெரியாமல் அவனும் சிரித்துவிட்டான். சாகக் கிடந்த அம்மாள் தலையணையிலிருந்து எழுந்து உட்கார்ந்து, "அப்போ நான் சாகலையா?" என்று கேட்டாள். டைரக்டர் போட்ட சத்தத்தில் மேலே விளக்குக்காரன் ஏணியைப் பிடித்துக்கொண்டானாம். இரண்டாவது தடவை எல்லாம் முறைப்படி நடந்தது. கண்ணாடி கழன்றது, தலை ஆடியது, தாயார் போய்விட்டாள்.

ஆனால் அந்தக் கெட்டுப்போன துண்டை எடிட்டிங் அறையில் போட்டுப் பார்த்து எல்லோரும் வயிறு வலிக்கச் சிரித்திருக்கிறார்கள். அங்கே இருந்த உதவியாளர் ஒருவர், "உங்க ஞாபகத்துக்கு வச்சுக்குங்க," என்று அதைச் சுருட்டி இவர் கையில் கொடுத்துவிட்டார். பகவதியப்பன் அதை ஒரு பவுடர் டப்பாவுக்குள் போட்டு ஊருக்குக் கொண்டுவந்தார்.

தை மாதம், ஏழாம் மாதச் சடங்கு முடிந்து ஓமனாவை மயிலாடிக்கு அழைத்து வந்தார்கள். மகள் தலைவாசல் வழியாக வர, தகப்பனார் புறவாசல் வழியாகப் பாயும் தலையணையுமாகக் கொத்துக்கூடத்துக்குக் குடிபோனார். ஒரு பக்கம் காது செதுக்காத நந்தி, இன்னொரு பக்கம் மூக்கில்லாத பிள்ளையார், நடுவில் இவர். தாணம்மாள் மதிலுக்கு மேலாகச் சோற்றுப் போணியை நீட்டுவாள். இந்தப் பக்கம் இவர் கீச்சென்று சிரித்தால் அந்தப் பக்கம் ஓமனா, "அப்பா, என்னத்துக்குச் சிரிக்கிய?" என்று கேட்பாள். "நந்திக்கு நாடி நல்லா ஓடுகு மக்கா," என்பார். பிறகு வெகுநேரம் சிரிப்பு வராது.

மாசிக் கடைசியில் அந்தப் படம் நாகர்கோவிலுக்கும் கருங்கல்லுக்கும் சேர்ந்தே வந்தது. பவுடர் டப்பாவை மடியில் கட்டிக்கொண்டு பகவதியப்பன் என் வாசலில் நின்றார். "வாரும் ஓய் கருங்கலுக்கு. தனியாப் போவ எனக்குப் பயமாக்கும்." எதற்கு என்று வழியெல்லாம் கேட்டேன். சொல்லவில்லை.

கருங்கல் கொட்டகையில் படம் ஓட்டுகிறவர் டைட்டஸ். காலையில் மாதா கோயில் பூசைக்குப் போவார், மத்தியானத்திலிருந்து படப்பெட்டி. டப்பாவிலிருந்த சுருளை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். பகவதியப்பன் சொன்னதையெல்லாம் கேட்டார்.

"டாக்டரே, இதுல சத்தம் கிடையாது கேட்டியளா. வெறும் படமாக்கும்."

"சத்தம் இல்லேன்னா ஆளுவ கண்டுபிடிச்சிர மாட்டாங்களா?"

"நம்ம கொட்டகையில சத்தம் ஒழுங்கா வந்தாத்தான் என்னமோ ஏதோன்னு எழும்பிப் பாப்பாங்க."

டைட்டஸ் பிளேடை எடுத்தார். தலையாட்டலை வெட்டி எடுத்தார், கட்டிலில் விழுந்து அழுததை எடுத்தார், சுடுகாட்டை முழுசாக எடுத்தார். நடுவில் பவுடர் டப்பாத் துண்டைப் பசை தடவி ஒட்டினார். வெட்டியதையெல்லாம் ஒரு துணியில் சுற்றிப் பத்திரப்படுத்தினார். "பெட்டி திரும்பிப் போகும்போது பழையபடி ஒட்டிக் குடுத்திருவேன். இந்தப் பாவத்த நான் பாவசங்கீர்த்தனத்துல சொன்னா சாமியாரும் சிரிப்பாரு," என்றார். பகவதியப்பன் சிரிக்கவில்லை. காலி டப்பாவைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தார்.

முதல் ஆட்டம். முத்துக்கனி அண்டை அயல் பெண்களைத் திரட்டிக்கொண்டு முன்வரிசை மணலில் வந்து உட்கார்ந்தாள். ஆண்கள் பக்கத்தில் பகவதியப்பன் துண்டைத் தலையில் முக்காடாகப் போட்டு என் முதுகுக்குப் பின்னால் ஒடுங்கினார். திரையில் தாயார் படுத்தாள். வாசலில் கார் வந்து நின்றது. "வந்துட்டாருட்டி," என்றாள் முத்துக்கனி. பெண்கள் முந்தானையைத் தயாராக எடுத்துக்கொண்டார்கள். நாடி பிடித்தார், கூரையைப் பார்த்தார். சட்டென்று சத்தம் நின்றது. கை கண்ணாடிக்குப் போய்த் திரும்பி இறங்கியது. திரை முழுக்க, வாய் முழுக்க, பகவதியப்பன் சிரித்தார்.

கொட்டகையில் ஒருவருக்கும் நம்பிக்கை வரவில்லை. மேலே படக்கருவியின் கடகடப்புதான் கேட்டது. பிறகு முத்துக்கனியின் குரல்: "ஏட்டி, பிழைச்சுட்டா."

அவ்வளவுதான். பெண்கள் பக்கம் குரவை விட்டார்கள். ஆண்கள் விசிலடித்துத் துண்டை மேலே வீசினார்கள். முன்பின் தெரியாத ஒரு மனிதர் என்னைக் கட்டிப்பிடித்தார். அதற்குள் கதாநாயகன் ரயிலில் அழுதுகொண்டே பட்டணம் போக ஆரம்பித்துவிட்டான். "அம்மை பிழைச்ச சந்தோசத்துல அழுகான்," என்று ஒருவர் அர்த்தம் சொன்னார். பட்டணத்து அறையில் தாயார் படத்துக்கு மாலை போட்டிருந்தது. வந்தது வினை என்று திரும்பிப் பகவதியப்பனைப் பார்த்தேன். "பிள்ளைன்னா இது பிள்ளை. உசிரோட இருக்கையிலயே அம்மைக்க படத்துக்கு மாலை போட்டு வச்சிருக்கான்," என்று பெண்கள் பக்கத்தில் மெச்சினார்கள். கடைசியில் அவன் வானத்தைப் பார்த்து, "அம்மா, இதைப் பார்க்க நீ இல்லையே," என்று கதறியபோதும் கருங்கல் அசரவில்லை. அம்மை ஊரில் இருக்கிறாள், மகன் பட்டணத்தில் இருக்கிறான், அவள் எப்படிப் பார்ப்பாள்? நியாயம்தானே. என் முதுகுக்குப் பின்னால் முக்காட்டுக்குள்ளே ராட்டினம் கீச்சிட்டுக்கொண்டே இருந்தது.

முத்துக்கனி அந்த வாரம் முழுவதும் படத்துக்குப் போனாளாம். ஆனால் மயிலாடிக்கு ஒரு சொல்லும் வரவில்லை. பகவதியப்பன் தினமும் பஸ் வரும் நேரத்துக்கு மதில் பக்கம் போய் நின்றார்.

பங்குனி பிறந்ததும் காரியம் கெட்டது. முத்துக்கனியின் தங்கை ராஜமணி நாகர்கோவிலில் இருக்கிறாள். அவள் கருங்கல்லுக்கு வந்த இடத்தில் படத்தைப் பற்றிப் பேச்சு வந்தது. "அக்கா, எந்தப் பிழைச்சா? நான் அவ சுடுகாட்டுக்குப் போறது வரைக்கும் இருந்து பாத்து, மூக்கு வீங்க அழுதேன்," என்றாள். கருங்கல் சந்தை இரண்டாகப் பிரிந்தது. பிழைத்தாள் என்று ஒரு கட்சி, செத்தாள் என்று ஒரு கட்சி. முத்துக்கனி எந்தக் கட்சியிலும் சேரவில்லை. நேராகக் கொட்டகைக்குப் போய், படம் ஓட்டும் அறையின் ஏணியில் ஏறி, டைட்டஸின் முன்னால் நின்று, "ஏலே, உள்ளதைச் சொல்லு," என்றாள். அந்தப் பார்வைக்கு முன்னால் டைட்டஸ் எவ்வளவு நேரம் தாங்குவார்? பவுடர் டப்பா முதல் மதராஸில் வாங்கிய திட்டு வரைக்கும் கக்கிவிட்டார்.

மறுநாள் விடியும்போதே ஓமனாவுக்கு வலி கண்டது. நர்ஸ் செசிலி வந்துவிட்டார். கிருஷ்ணமணி உளிச்சத்தம் வேண்டாமென்று வேலையை நிறுத்திவிட்டார். பகவதியப்பன் நந்தியைச் சுற்றிச் சுற்றி வந்தார். நானும் துணைக்கு இருந்தேன். அப்போதுதான் முதல் பஸ்ஸில் வந்து இறங்கிய முத்துக்கனி, வீட்டுக்குப் போகாமல் நேராகக் கொத்துக்கூடத்துக்குள் வந்தாள். பகவதியப்பன் நந்தியின் பின்னால் போய்விட்டார்.

"டைட்டஸு எல்லாத்தையும் சொல்லிட்டான்."

பகவதியப்பனின் தலை பழக்கதோஷத்தில் இடமும் வலமுமாக ஆடத் தொடங்கியது. இரண்டு கையாலும் அதைப் பிடித்து நிறுத்திக்கொண்டார்.

"எதுக்கு அண்ணாச்சி இந்தப் பாடு?"

"பிள்ளைய முதல் நாளே பாக்கணும் சம்மந்தி. வேற ஒண்ணும் இல்ல."

மதிலுக்கு அந்தப் பக்கம் ஓமனா முனகும் சத்தம் கேட்டது. முத்துக்கனி பகவதியப்பனையே பார்த்துக்கொண்டு நின்றாள். தலைமுடியில் கல்தூசி, வேட்டியில் கல்தூசி, அந்த உதடு. அவள் முகம் மெள்ள மெள்ள இளகியதை நான் பார்த்தேன்.

"வெள்ளிக்கிழமை நான் மண்டைக்காட்டுக்குப் போயி, அந்தப் பொம்பள பிழைச்சதுக்குப் பொங்கலும் இட்டுட்டு வந்துட்டேன்," என்றாள். "இட்ட பொங்கல இனி அம்மைக்கிட்டப் போயி திருப்பிக் கேக்க முடியுமா? அம்மைக்க கணக்குல அவ பிழைச்சவதான். நாகர்கோவிலுல என்ன ஆனா நமக்கென்ன? வாரும் வீட்டுக்கு. ஆனா ஒண்ணு. கண்ணாடியில மட்டும் கை வைக்கப்பிடாது. சொல்லிட்டேன்."

பகவதியப்பன் வேட்டியை உதறி உடுத்திக்கொண்டு முத்துக்கனியின் பின்னாலேயே, தன் வீட்டின் தலைவாசல் வழியாக நடந்தார்.

உச்சிப் பொழுதுக்குப் பிள்ளை பிறந்தது. பெண். செசிலி குளிப்பாட்டித் துணியில் பொதிந்து கொண்டுவர, முத்துக்கனியே வாங்கிப் பகவதியப்பனின் கையில் வைத்தாள். ஓமனா கட்டிலில் களைத்துக் கிடந்தாள். தாணம்மாள் அவள் தலைமாட்டில். நானும் கிருஷ்ணமணியும் வாசற்படியில். ஒரு கட்டில், தலைமாட்டில் ஆட்கள், நடுவில் டாக்டர். இந்தக் காட்சியை நாங்கள் எல்லோரும் எத்தனையோ தடவை பார்த்திருக்கிறோம்.

பிள்ளை கண்ணைத் திறந்தது. பகவதியப்பன் குனிந்தார். திரையில் ஒரு சாவுக்கும் கலங்காத கண்கள் சட்டென்று நிறைந்தன. கண்ணாடி உள்பக்கமாகப் புகைந்தது. பிள்ளை தெரியாமல் விழித்தார். பிள்ளையை இடது கைக்கு மாற்றினார். வலது கை தானாக மேலே போயிற்று. விரல் கண்ணாடிக் காம்பைத் தொட்டது. தாணம்மாள் மூச்சை இழுத்துப் பிடித்தாள். முத்துக்கனி ஓரடி முன்னால் வந்தாள்.

"அப்பா," என்றாள் ஓமனா.

விரல் அங்கேயே நின்றது. பிறகு பகவதியப்பன் அந்தக் கண்ணாடியை மூக்கோடு சேர்த்து இன்னும் இறுக்கி அழுத்திக்கொண்டார். கண்ணீர் விளிம்புக்கு அடியில் வழிந்து உதட்டுக்கு வர, கையில் இருக்கும் பிள்ளை ஒரு பொட்டும் தெரியாமல், தலையை மேலும் கீழுமாக ஆட்டினார்.